ஏழாவது புள்ளி

இந்த வருஷம் மழை சீக்கிரமே விட்டுவிட்டது, சாமி. கல் வேலைக்கு இதைவிட நல்ல கோடை கிடைக்காது. ஈரக் கல்லில் உளி வழுக்கும். காய்ந்த கல் சொன்ன பேச்சைக் கேட்கும்.

என் மச்சான் டிம்மா சாரத்திலிருந்து விழுந்து செத்தது பற்றிப் பேசத்தான் பாவசங்கீர்த்தனத்துக்கு வந்தேன். ஆனால் நடந்ததை வரிசையாகச் சொன்னால்தான் உங்களுக்கு நியாயம் புரியும். நடுவில் நிறுத்தாமல் கேளுங்கள்.

என் மனைவி லாஸர் கடந்த குளிர்காலத்தில் காய்ச்சலில் போனாள். அவளைப் புதைத்தது நீங்கள்தான். ஆறு வயதுப் பிள்ளை சார்னட் ஒருத்திதான் எனக்கு மிச்சம். வசந்தத்தில் அவளுக்கும் அதே காய்ச்சல் வந்தது. ஜெபம் பண்ணச் சொன்னீர்கள், பண்ணினேன். புனித ஊற்றுத் தண்ணீரைக் கொண்டுவந்து நெற்றியில் விட்டேன். தண்ணீர் சுட்டதே தவிர நெற்றி குளிரவில்லை. மனுஷன் எத்தனை நாள் சும்மா உட்கார்ந்திருப்பான்?

அதனால்தான் நேர்ந்துகொண்டேன். நீங்கள் செய்யச் சொன்ன பெரிய சிலுவையின் முகப்பில், கைகளைச் சுற்றி வரும் கல் வளையத்துக்குக் கீழே, ஒரு பின்னல் செதுக்குகிறேன் என்று. முழுப் பின்னலும் ஒரே கோடு, ஆரம்பமும் முடிவும் இல்லாத கோடு. அதில் சாவு நுழைய வாசல் இருக்காது. அது முடியும்போது என் பிள்ளை எழுந்து உட்கார வேண்டும். ஆண்டவரிடம் இவ்வளவுதான் கேட்டேன்.

பின்னல் போடும் விதம் உங்களுக்குத் தெரியாது. முதலில் சட்டத்தின் விளிம்பில் கூர் உளியால் புள்ளி குத்த வேண்டும். அகலத்துக்கு இத்தனை, உயரத்துக்கு இத்தனை. பிறகு புள்ளிக்குப் புள்ளி கரியால் சாய்கோடு இழுத்தால் பின்னல் தானே விழும். ஓரிடத்தில் மேலே போகிற பட்டை அடுத்த இடத்தில் கீழே போகும். ஒன்றை மட்டும் பார்த்துக்கொள்ள வேண்டும். இரண்டு எண்ணும் இரட்டைப்படையாக இருந்துவிட்டால் கோடு ஒன்றாக ஓடாது, இரண்டு தனி வளையமாகப் பிரிந்துவிடும். பார்வைக்குத் தெரியாது. விரலை வைத்து ஓட்டினால்தான் தெரியும். வேலை முடிந்து ஆசி சொல்வதற்கு முன்னால் விரல் ஓட்டுவது எங்கள் வழக்கத்தில் இல்லை.

நான் ஏழுக்கு எட்டு குத்தினேன். மூன்று நாள் கண் மூடாமல் பிள்ளை பக்கத்தில் இருந்துவிட்டு நேரே வந்து குத்தினேன். அப்படியும் கை நடுங்கவில்லை. கரியை மழை கழுவிவிடும். கல்லில் குத்திய புள்ளியை யாராலும் அழிக்க முடியாது.

டிம்மா லாஸரின் அண்ணன். பன்னிரண்டு வருஷம் என்னோடு ஒரே சாரத்தில் நின்றவன். நல்ல கை, ஆனால் ஓயாத வாய். "மாப்பிள்ளை, நீ கல்லைச் செதுக்குறியா, கல்லு உன்னைச் செதுக்குதா? எலும்பு தெரியுது. போய் ஒரு வாய் கஞ்சி குடிச்சுட்டு வாடா" என்பான். பிள்ளைமேல் பிரியம் உள்ளவன்தான், அதை நான் மறுக்கவில்லை. அவளுக்குக் கல்லில் ஒரு நாய்க்குட்டி செய்து தலைமாட்டில் வைத்திருந்தான். ஒரு நாள் வேலை பாக்கி இருந்தபோது காய்ச்சல் ஏறிவிட்டது. "நீ போய் பிள்ளைகூட இரு. மிச்சத்தை நான் பாத்துக்கறேன்" என்று என் கையிலிருந்த உளியைப் பிடுங்கிக்கொண்டான். போனேன்.

அன்று உச்சிப்பொழுது தாண்டியதும் பிள்ளைக்கு வேர்த்தது. எழுந்து உட்கார்ந்து இரண்டு மடக்குப் பால் குடித்தாள். "மாமா எங்கப்பா?" என்று கேட்டாள். நான் கதவுக்கு வெளியே போய் நின்று அழுதேன். அவ்வளவு சந்தோஷம் எனக்குக் கல்யாணத்தன்றுகூட வந்ததில்லை.

மறுநாள் காலை அதைச் சொல்லத்தான் ஓடினேன். டிம்மா கல்தூசியை ஊதிக்கொண்டிருந்தான். ஐந்தாவது வரிசையில், இடப்பக்கம், என் கண் அங்கேயே போய் நின்றது. ஒன்றை ஒன்று தாண்ட வேண்டிய இரண்டு பட்டைகள் தாண்டவில்லை. முட்டிக்கொள்ள வந்த ஆடுகள் மனசு மாறியதுபோல வந்த வழியே திரும்பியிருந்தன.

"என்ன மச்சான் பண்ணி வச்சிருக்க? கோட்டை அறுத்துட்டியே."

"அறுக்கலடா, கட்டி வச்சிருக்கேன். புள்ளி குத்துறப்ப நீ தூங்கிட்ட போல, போய் எண்ணிப் பாரு. நீ இருந்த இருப்புல உங்கிட்ட சொல்லி என்ன ஆகப்போகுதுன்னு நானே சரி பண்ணிட்டேன். இரு, மேல ஏறி ஆசி சொல்லிட்டு வந்துடறேன். அப்புறம் விரலை ஓட்டிப் பாரு, வாயைப் பொளப்ப."

சிரித்துக்கொண்டே சொன்னான். என் பிள்ளையின் உயிர் அறுந்து கிடக்கிறது, இவனுக்குச் சிரிப்பு வருகிறது.

கடைசியாக உளி வைத்தவன்தான் ஏறி ஆசி சொல்ல வேண்டும் என்பது உங்களுக்கே தெரியும். ஆசி சொன்ன வேலையை யாரும் மறுபடி தொடக் கூடாது. அவன் வாயைத் திறந்துவிட்டால் அந்த அறுப்பு உலகம் உள்ளவரை அறுப்புதான். என் நிலைமையை யோசித்துப் பாருங்கள். அவன் ஏறிக்கொண்டிருக்கிறான், எனக்கு இருந்த நேரம் ஏழெட்டுப் படி. பேசிப் புரியவைக்க அது போதாது.

சாரத்தின் கீழ்ப்பலகையைப் பிடித்து நிறுத்துவது ஓர் ஆப்புதான். சுத்தியலால் இரண்டு தட்டுத் தட்டினேன். பிறகு கையாலேயே வந்துவிட்டது.

விழுந்தவன் உடனே போகவில்லை. மல்லாந்து கிடந்தான், உதடு அசைந்தது. ஆசியைச் சொல்லிவிடுவானோ என்று பயந்துதான் உள்ளங்கையை வாய்மேல் வைத்தேன். அசைவு நிற்கும்வரை எடுக்கவில்லை. அவன் கண் என்னையே பார்த்துக்கொண்டிருந்தது. கோபம் இல்லை, ஏதோ சொல்ல வருகிற கண். அதற்குப் பிறகுதான் கத்தி ஆட்களைக் கூப்பிட்டேன்.

அவனுக்கு நீங்கள் மணி அடித்துக்கொண்டிருந்தபோது நான் சாரத்தில் இருந்தேன். துக்கத்தை வேலையில் கரைக்கிறான் என்று எல்லோரும் என்னை விட்டுவிட்டார்கள். அந்த இடத்தில் கல்லை ஒரு வாற்கோதுமை மணி அளவு ஆழத்துக்கு இறக்கி, பட்டைகளைத் தாண்டவேண்டிய விதத்தில் தாண்டவைத்தேன். ஒன்று மேலே, ஒன்று கீழே. மறுநாள் உச்சிப்பொழுதுக்கு முடிந்தது. ஏறி நின்று ஆசியும் சொன்னேன். குரல் பிசிறவில்லை.

வீட்டுக்கு வந்தபோது பிள்ளைக்கு மறுபடி சுட்டது. கல் நாய்க்குட்டியை நெஞ்சோடு வைத்துக்கொண்டு மாமாவைக் கூப்பிட்டாள். வந்துவிடுவார் என்றேன். மாலை ஜெபத்துக்கு மணி அடிப்பதற்குள் போய்விட்டாள்.

அவளைப் புதைத்த பிறகு விரலை ஓட்டிப் பார்த்தேன், சாமி. இடது கீழ் மூலையில் தொடங்கினேன். மேலே, கீழே, மேலே, கீழே. வெகு சீக்கிரம் தொடங்கிய இடத்துக்கே வந்துவிட்டேன். பாதிப் பட்டையை விரல் தொடவே இல்லை. அந்தப் பாதியில் வைத்து ஓட்டினேன். அது தனியாக ஒரு சுற்றுச் சுற்றி வந்தது. டிம்மா திருப்பிவிட்டிருந்த அந்த ஓரிடத்தில்தான் இரண்டும் ஒன்றாகியிருந்தன. அங்கேதான் நான் உளி வைத்தேன்.

இவ்வளவு பெரிய விஷயத்தை இரண்டு வார்த்தையில், அதுவும் சிரித்துக்கொண்டு சொன்னால் யாருக்குப் புரியும்? உட்காரவைத்துச் சொல்லியிருக்க வேண்டாமா?

ஆப்புக்கும் உள்ளங்கைக்கும் என்ன விதிக்கிறீர்களோ விதியுங்கள். பத்து வருஷம் ரொட்டியும் தண்ணீரும் என்றாலும் சரி, துடுப்பில்லாத படகில் ஏற்றிக் கடலில் தள்ளினாலும் சரி, ஏன் என்று கேட்கமாட்டேன். பிள்ளையின் சாவை மட்டும் என் தலையில் கட்டாதீர்கள். அது என் கையால் நடந்ததில்லை.

இன்று காலை இங்கே வரும் வழியில் புள்ளிகளை எண்ணினேன். உயரத்துக்கு எட்டு. அகலத்துக்கு ஆறு. விரலால் தடவித் தடவி மூன்று தடவை எண்ணினேன், ஆறுதான் இருக்கிறது. நான் குத்தியது ஏழு. எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. ஏழாவதை டிம்மாதான் அழித்திருக்க வேண்டும்.