பாயில் கீறிய சிவப்பு வட்டம்

ஓடுகிறோம். மணல் காலை இழுக்கிறது. தலைக்கு மேலே இரண்டு விமானங்கள். முதலில் இரைச்சல். பிறகு டக் டக் டக் டக். நிற்காமல். கடலில் தண்ணீர் நேர்கோடாகத் துள்ளுகிறது. கோடு எங்கள் பாய்மர வள்ளத்தை நோக்கிப் போகிறது.

"பாயை இறக்கு. பாயை இறக்கு." கரையில் நிற்கிற எல்லோரும் கத்துகிறார்கள். கடலில் இருப்பவர்களுக்குக் கேட்காது. தெரிந்தும் கத்துகிறோம். "பிள்ளையளைத் தாழைக்குள்ளை இழுங்கோ." அம்மா என் பிடரியைப் பிடித்துத் தள்ளுகிறார். நான் திரும்பிப் பார்க்கிறேன்.

மயிலிட்டி, யாழ்ப்பாணத்து வடகரை. 1942. சித்திரை வருஷப்பிறப்பு கழிந்து வந்த இரண்டாவது செவ்வாய். காலை எட்டு மணிக்குச் சற்று முன். அப்போது எனக்கு வயது பன்னிரண்டு. இப்போது தொண்ணூற்றாறு.

போன மாதம் மயிலிட்டியிலிருந்து மூன்று பேர் வந்தார்கள். நான் புத்தூரில் மகள் வீட்டில் இருக்கிறேன். கடற்கரையில் நினைவுக்கல் வைக்கப் போகிறார்களாம். "ஜப்பானிய விமானத் தாக்குதலில் உயிர்நீத்தோர்" என்று வெட்டப் போகிறார்களாம். பழைய அரசாங்கக் கடுதாசி ஒன்றின் பிரதியை எங்கேயோ எடுத்திருக்கிறார்கள். அதில் நான்கு பேர் என்று இருக்கிறது. பெயர் இல்லை. பெயர் தெரிந்தவர்களில் உயிரோடு இருப்பது நான் ஒருத்திதான்.

"தம்பி, உந்தக் கடுதாசி பொய்" என்றேன்.

வந்தவர்களில் ஒருவர் சிரித்தார். "ஆச்சி, அப்ப உங்களுக்குப் பன்னிரண்டு வயசுதானே."

ஓம். பன்னிரண்டுதான். கண் இரண்டும் அப்போதும் இருந்தன. அந்தப் பிள்ளைகளுக்குத் தேத்தண்ணீர் கொடுத்து அனுப்பிவிட்டேன். பெயர் கொடுக்கவில்லை. அதற்குப் பதிலாக இதை எழுதுகிறேன்.

காற்று மாறினால் எங்கள் ஆட்கள் கிழக்குக் கரைக்குத் தொழிலுக்குப் போவது வழக்கம். கடற்கரையில் வாடி என்கிற ஓலைக்குடில் போட்டு மாதக்கணக்கில் தங்குவார்கள். அந்த வருஷம் என்னைப் பெற்ற ஐயாவும் அண்ணையும் முந்தியே திருகோணமலைப் பக்கம் போய்விட்டார்கள். ஏப்ரல் ஒன்பது, வியாழன். காலையில் ஜப்பான்காரன் வந்தான். வெள்ளைக்காரனின் விமானங்கள் எழும்பின. வானத்தில் சண்டை. மிக உயரத்தில் பொட்டுப் பொட்டாய்த்தான் தெரிந்ததாம். எது யாருடையது என்று விளங்கவில்லையாம். ஒன்றை ஒன்று துரத்தும். ஒன்று புகைத்துக்கொண்டு விழும். ஒன்று எங்கள் வலைக்குப் பக்கத்திலேயே விழுந்தது.

அண்ணை குதித்தார். கடலில் கிடக்கிறவனை ஏற்றாமல் வருவது எங்கள் தொழிலில் இல்லை. எந்தப் பக்கத்து ஆள் என்று கேட்பதும் இல்லை. தூக்கிய பிறகுதான் வெள்ளைக்காரன் என்று கண்டார்கள். கால் முறிந்திருந்தது. வலையை அறுத்து விட்டுவிட்டு அவனைக் கரைக்குக் கொண்டுபோய்ப் பட்டாளத்திடம் கொடுத்தார்கள். பிறகு வாடியைப் பிரித்துக்கொண்டு ஊருக்கு வந்து சேர்ந்தார்கள்.

விதானையார் வீடு வீடாக வந்தார். அரசாங்கத்தின், அதாவது வெள்ளைக்காரத் துரையின், கட்டளையை ஊருக்குச் சொல்கிறவர் அவர்தான்.

"பாய் எல்லாத்திலையும் பெரிய வட்டம் ஒண்டு கீறுங்கோ. மேலை இருந்து பாத்தால் தெரியவேணும். எங்கடை விமானம் வட்டத்தைக் கண்டால் சுடாது. துரை சொன்னவர்."

"என்ன நிறம்?" என்று ஐயா கேட்டார்.

"தெரிஞ்சால் காணும்."

எங்கடை விமானம். அந்தச் சொல்லை நாங்கள் நம்பினோம்.

எங்கள் பாய் புதிது. வெள்ளை. சுண்ணாம்பு பூசினால் தெரியாது. கரி பூசினால் ஒரு நாளில் போய்விடும். கோயில் மதிலுக்குப் பட்டை அடித்த செங்காவி ஒரு சட்டி மிஞ்சிக் கிடந்தது. ஐயர் எடுத்துத் தந்தார். கோயில் காவி கடலுக்கும் காவல் என்று அம்மா சொன்னார். அலையில் கழுவிப் போகாமல் சுறா எண்ணெயில் குழைத்தோம். பாயை மணலில் விரித்து, நடுவில் தடி ஊன்றி, கயிறு கட்டிச் சுற்றி நான்தான் கீறினேன். கோணல் இல்லாத வட்டம். அதைக் கண்டு இன்னும் மூன்று வீட்டார் தங்கள் பாயையும் கொண்டுவந்தார்கள். அவற்றுக்கும் கீறினேன். எனக்குப் பெருமையாக இருந்தது.

வெள்ளைத் துணி. நடுவில் சிவப்பு வட்டம். ஜப்பான்காரன் தன் கொடியில் வைத்திருந்ததும் அதேதான். மயிலிட்டிக் கடற்கரையில் ஒருவருக்கும் அது தெரியாது. துரைக்குத் தெரியும். விதானையார் வீட்டுக்குப் பத்திரிகை வரும். அவரும் பாய்களைப் பார்த்தார். "வடிவாய்க் கீறியிருக்கிறாய், பிள்ளை" என்று சொல்லிவிட்டுப் போனார்.

செவ்வாய். நான்கு வள்ளமும் கரையிலிருந்து கூப்பிடு தூரத்துக்குச் சற்று அப்பால். விமானங்கள் கிழக்கிலிருந்து வருகின்றன. ஐயா எழுந்து நிற்கிறார். ஓடவில்லை. ஒளியவில்லை. கையை உயர்த்திப் பாயைக் காட்டுகிறார். வட்டத்தைக் காட்டுகிறார். இதோ பார், நீ சொன்னபடி கீறியிருக்கிறோம் என்று காட்டுகிறார்.

டக் டக் டக் டக். ஐயா இல்லை. அண்ணை பாய்க் கயிற்றை வெட்டப் பார்க்கிறார். கத்தி பளிச்சிடுகிறது. விமானம் சுற்றி வருகிறது. பதிவாக, தாழப் பறந்து. கரைப் பக்கம் சாய்கிறது. அதன் இறக்கை, செட்டை முழுவதும் எனக்குத் தெரிகிறது. வெளியே நீலம். உள்ளே வெள்ளை. நடுவில் சிவப்பு. மறுபடியும் சத்தம். இந்த முறை குறுகிய சத்தம். பாய் தண்ணீரில் விழுகிறது. பக்கத்து வள்ளம் கவிழ்கிறது. மூன்றாம் முறை வரவில்லை. வந்த வழியே போய்விட்டன. அதன்பிறகு அலைச் சத்தம் மட்டும். அதன்பிறகு அம்மா.

அன்று மத்தியானமே விதானையார் வந்தார். தப்பி வந்த இரண்டு வள்ளங்களின் பாயையும் இழுத்துப் போட்டார்.

"மண் போட்டு உரஞ்சுங்கோ. துரை வரப்போறார். உதைக் கண்டால் ஜப்பானுக்கு உளவு எண்டு எல்லாரையும் பிடிப்பினம்."

பயந்தோம். உரஞ்சினோம். எண்ணெயில் குழைத்த காவி லேசில் போகவில்லை. விரல் நகம் பிய்ந்தது. கீறினதும் நான். அழித்ததும் நான். அதை மறைத்து எழுதினால் நானும் அந்தக் கடுதாசிக்காரர் மாதிரித்தான்.

மூன்றாம் நாள் விசாரணை. பள்ளிக்கூடத்தில் மேசை போட்டுத் துரை இருந்தார். விதானையார் மொழிபெயர்த்தார். என்ன கண்டாய் என்று கேட்டார்கள்.

"நீலம், வெள்ளை, நடுவிலை சிவப்பு. செட்டையிலை கண்டனான்" என்றேன்.

மிஷன் பள்ளிக்கூடத்தில் எனக்கு இங்கிலீசில் நிறங்கள் சொல்லித் தந்திருந்தார்கள். விதானையார் "ரெட்" என்றார். காத்திருந்தேன். "புளூ" வரவில்லை. "வைற்" வரவில்லை. ரெட் மட்டும்தான். வெறும் சிவப்பு என்றால் ஜப்பான்காரன் விமானம். துரை தலையாட்டி எழுதினார். நான் மறுபடி வாய் திறந்தேன். அம்மா என் தொடையைக் கிள்ளினார். பிறகு எழுந்து போய் எதிரி விமானம் சுட்டதாக விரலடையாளம் வைத்தார். அம்மாவை நான் குறை சொல்லவில்லை. மற்றவர்களைச் சொல்கிறேன்.

விதானையார் அதற்குப் பிறகும் நெடுங்காலம் இருந்தார். தெருவில் கண்டால் சுகம் விசாரிப்பார். நான் பதில் சொன்னதில்லை. செத்த வீட்டுக்கும் போகவில்லை.

பின்னர் பலாலி விமானத் தளத்தில் இறங்கிய வெள்ளைக்காரனின் விமானங்களை வேலிக்குப் பக்கத்தில் நின்று பார்த்தேன். அதே நீலம், அதே வெள்ளை. செட்டையில் நடுச் சிவப்பு மட்டும் இல்லை. பூசி மறைத்துவிட்டார்கள். சிவப்பைக் கண்டால் ஜப்பான்காரன் என்று தங்கள் ஆட்களே சுட்டுவிடுவார்களாம், அந்தப் பயமாம். அங்கே கூலி வேலை செய்தவர்கள் சொன்னார்கள். தங்கள் விமானத்தைக் காப்பாற்ற அந்த யோசனை வந்திருக்கிறது. எங்களுக்கு ஒரு வார்த்தை சொல்ல வரவில்லை. வேலியைப் பிடித்துக்கொண்டு நின்று அழுதேன்.

இப்போது கல்லுக்கு வருகிறேன். எழுதிக்கொள்ளுங்கள்.

வள்ளம் இரண்டு. ஐயா, நாற்பத்துமூன்று வயது. மறுநாள் கரையொதுங்கினார். அண்ணை, பத்தொன்பது. கிடைக்கவில்லை. பக்கத்து வள்ளத்தில் தகப்பனும் மகனும். தகப்பன் கிடைத்தார். மகன் கிடைக்கவில்லை. அவனுக்கு ஆவணியில் கலியாணம் பேசியிருந்தார்கள். மொத்தம் நான்கு பேர். அடக்கம் செய்த உடல்கள் இரண்டு.

நான்கு பேரின் பெயர்களும் என்னிடம் இருக்கின்றன. சுட்டவன் யார் என்பதை முதலில் சரியாக வெட்டுங்கள். பொய்க்குக் கீழே எழுத என் ஐயாவின் பெயரைத் தரமாட்டேன்.