மூன்றாவது வரியில் ஒரு மூச்சு

— உட்காரச் சொல்லாதடீ ஊனா, நான் விருந்துக்கு வரல. அந்தப் பாட்டு உனக்கு எப்படிக் கிடைச்சுது? அதை மட்டும் சொல்லு.

— எந்தப் பாட்டுடீ டீலியா? எனக்குத் தெரிஞ்சது எத்தனையோ இருக்கு.

— நடிக்காத. சனிக்கிழமை ரேடியோவுல பாடினியே, உனக்குக் கோப்பை வாங்கிக் குடுத்த பாட்டு. எங்கண்ணன் கோல்மன் படகோட முழுகினப்ப எங்கப்பா கட்டினது. எங்க அடுப்படியை விட்டு வெளிய போகக் கூடாத பாட்டு. மாதா சாட்சியா, கையில இருந்த முட்டைக் கூடையைக் கீழ போட்டுட்டேன்.

— கேளு, முதல்ல கோட்டைக் கழட்டு. சொட்டச் சொட்ட நனைஞ்சிருக்க.

— என் கோட்டு எங்கிட்டயே இருக்கட்டும். கழட்டி வச்சா அதையும் எடுத்துக்குவ. ‘ஊனா வர்றா, பாட்டைப் பெட்டியில வச்சுப் பூட்டு’ன்னு ஊர்ல சும்மாவா சொல்றாங்க?

— சொல்லட்டும். பாஸ்டன்ல அவங்களா வந்து எனக்கு ஆபீஸ் தரை துடைச்சாங்க? பகலெல்லாம் துடைப்பேன், பொழுது சாஞ்சா சாராயக் கடையில பாடுவேன். கேக்க ஆளு கிடையாது. குடிச்சுட்டுச் சிரிப்பானுங்க, நான் கண்ணை மூடிக்கிட்டுச் சுவத்துப் பக்கம் திரும்பிப் பாடுவேன். வயசெல்லாம் போனப்புறம் இப்பதான் ஒரு கோப்பை. ஆனா கேளு, ஒரு பாட்டும் நான் திருடினதில்ல. குடுத்தாங்க, வாங்கிக்கிட்டேன்.

— அதைத்தானே கேக்கறேன், யாரு குடுத்தா? அப்பா போய்ச் சேர்ந்தாச்சு. எனக்கோ கழுதைக் குரல். அப்பாகிட்ட உக்காந்து கத்துக்கிட்டது எங்க வீட்டு மனுஷன் ஒண்ணுதான். கல்லறைத் திருநாளுக்கு ஒருதரம், அடுப்பு நெருப்பைப் பார்த்துக்கிட்டுப் பாடும். அவ்வளவுதான்.

— பார்ட்லிக்கு மட்டும்தான் தெரியுமா? அந்த அடுப்புப் பக்கத்துல வேற யாரும் உக்காந்து கேக்கலையா? உன் பொண்ணு நேசா...

— அந்தப் பேரை எடுக்காத! செத்த மாமன் பாட்டை பாஸ்டன் சாராயக் கடையில டிரம்ஸ் அடிச்சுப் பாடினவ அவ. என் வாசப்படி மிதிக்காதேன்னு அன்னிக்கே போன்ல சொல்லி முடிச்சேன்.

— அவளுக்கு அப்ப இருபது வயசுடீ.

— இருக்கட்டும். நீ பேச்சை அந்தப் பக்கம் இழுக்காத. நீ பாடினயே, மூணாவது வரி, பாதி வார்த்தையில நிறுத்தி மூச்சு வாங்கின. எங்கப்பா அப்படிப் பாட மாட்டாரு. பார்ட்லிக்கு நெஞ்சுச் சளி, அந்த இடத்துல மூச்சு நிக்காது. அது பார்ட்லி மூச்சுடீ ஊனா. அது உன் நெஞ்சுக்குள்ள எப்படி வந்துச்சு?

— உனக்குப் பாம்புக் காதுதான்.

— பாடத் தெரியாதவளுக்குக் காதாவது வேணாமா? பக்கத்துல உக்காந்து கத்துக்காம அந்த மூச்சு வராது. எங்க உக்காந்தீங்க ரெண்டு பேரும்? பள்ளிக்கூடத்துல உன் பின்னாடியே சுத்தின ஆளுதானே அது.

— பதினாலு வயசுலடீ! அப்புறம் உன்னைப் பார்த்தான், என் மூஞ்சியே மறந்து போச்சு அவனுக்கு.

— மறந்த ஆளுதான் சனிக்கிழமை காளை பார்க்கப் போறேன்னு சொல்லிட்டு நீ பாடின போட்டி மண்டபத்துக்கு வந்துச்சா? ஆன்டனி பொண்டாட்டி பார்த்திருக்கா. முன்வரிசையில, தொப்பியை மூக்குவரைக்கும் இறக்கி விட்டுக்கிட்டு ஒரே அழுகையாம். காளை பார்க்கப் போன மனுஷன் எதுக்கு அழணும்?

— விலையைக் கேட்டு அழுதிருப்பான்.

— சிரிக்காத. எனக்கு வயிறு எரியுது. நீ பாடறப்ப யாரோ உன் கையைப் பிடிச்சு மெல்லச் சுத்திக்கிட்டே இருந்தாங்களாமே? தூண் மறைச்சதுல முகம் தெரியலையாம், அங்க பார்ட்லி தொப்பி மட்டும் தெரிஞ்சுதாம். இந்த மாதிரி சாவுப் பாட்டுக்கு, பாட்டுக்கு உரிமைப்பட்ட ஆளைத் தவிர வேற யாரும் பாடறவ கையைத் தொட மாட்டாங்க. எனக்குத் தெரியாதா? பார்ட்லிதானே?

— இல்ல.

— பின்ன யாரு?

— கேளு டீலியா, சொல்ல மாட்டேன்னு வாக்குக் குடுத்திருக்கேன்.

— வாக்கு! பார்ட்லி எனக்குக் கோயில்ல குடுத்ததும் வாக்குதான். ஆமா... மேசையில எதுக்கு ரெண்டு டீ? நான் இன்னும் ஒரு வாய் குடிக்கலையே.

— பக்கத்து வீட்டுக்காரி வந்துட்டுப் போனா.

— ஆவி பறக்குதுடீ. மழையில அவ்வளவு நேரம் கதவைத் தட்டினேன், நீ திறக்கல. அடியில பாரு, சர்க்கரை அப்படியே கிடக்கு. கலக்காம குடிச்சுட்டு, கடைசியில விரலால வழிச்சுத் திங்கற ஆளு எங்க வீட்டுல இருக்கு. தள்ளு. அந்த அறையைத் திற.

— போகாத. நீ கோவத்துல இருக்க. கோவத்துல ஒருதரம் பேசினது போதாதா?

— நான் இன்னும் பேசவே ஆரம்பிக்கல. அண்ணனைக் கடல் கொண்டுபோச்சு. பொண்ணு கடல் தாண்டிப் போனா. எனக்குன்னு மிச்சம் இருக்கிறது அந்த இருமல்காரன் ஒருத்தன்தான். அதையும் நீ எடுத்துக்கிட்டா நான் யாரோட இருப்பேன் ஊனா?

— பொண்ணு போகலடீ, நீ போகச் சொன்ன. இப்ப அவ திரும்பி வந்து நின்னா என்ன செய்வ?

— அவ எங்க வரப் போறா? என் பிடிவாதம் அப்படியே அவளுக்கு. பின்கதவை நான் தாப்பா போடறதே இல்லேங்கறது அவளுக்கு எப்படித் தெரியும்? சே, உங்கிட்டப் போய் இதைச் சொல்றேன் பாரு.

— அதை இன்னொரு தரம் சொல்லு. சத்தமாச் சொல்லு.

— எதுக்கு, உள்ள இருக்கிற துரைக்குக் கேக்கணுமா? ஏய் பார்ட்லி! டீயைப் பாதியில வச்சுட்டுக் கட்டிலுக்கடியில ஒளிஞ்சா எனக்குத் தெரியாதா? வா வெளிய!

— அம்மா... அந்த டீ என்னோடது.