நிலவறையிலிருந்து வந்த பதில்

டமார். ஒரே ஒரு சத்தம். லிஃப்ட் குலுங்கி நிற்கிறது. விளக்கு அணைகிறது.

"கீழ படுங்கோ! படுங்கோ!"

கத்தியது நான்தான். தமிழில். பக்கத்தில் நின்ற மிர்யானாவுக்குத் தமிழ் தெரியாது. ஆனால் எனக்கு முன்பே அவர் தரையில் கிடக்கிறார்.

ஏப்ரல் மாதம். வில்லரே, பிரெஞ்சு பேசும் பனிநாட்டில் நான் குடியிருக்கும் பகுதி. காலையிலிருந்து, விழுந்ததும் பனிக்கட்டியாகும் உறைமழை. தெருமுனை மின்மாற்றி வெடித்திருக்கிறது. ஷெல் இல்லை. மூளைக்கு விளங்குகிறது. முழங்காலுக்கு விளங்கவில்லை. மன்னாரை விட்டு இவ்வளவு தூரம் வந்தும் குப்புறப் படுக்கத்தான் வேண்டியிருக்கிறது. எரிச்சலாக வருகிறது.

மிர்யானா குரோவேஷிய எழுத்தாளர். அதே மாடியில் எனக்கு எதிர்வீடு. மூன்று நாவல்கள். பிரெஞ்சில் வாசித்தேன். மூன்றிலும் யாரோ சுவரைத் தட்டுகிறார்கள். மறுபக்கத்திலிருந்து பதில் வருகிறது. ஏன் என்று கேட்டால் கோப்பி ஊற்றப் போய்விடுவார்.

அபாய மணியை அழுத்துகிறேன். வேலை செய்யவில்லை. கைபேசியில் சிக்னல் இல்லை. கதவு அசையவில்லை. மிர்யானாவுக்கு மூச்சு இழுக்கிறது. பிறகு அதுவும் கேட்கவில்லை. பயந்துபோனேன்.

எங்கள் பதுங்குகுழியில் ஒரு வழக்கம். ஷெல் விழுந்ததும் அம்மா ஒவ்வொருவராகப் பெயர் சொல்லிக் கூப்பிடுவார். "இருக்கிறன்" என்று சொல்ல வேண்டும். ஒரு பின்னேரம் அண்ணா சொல்லவில்லை.

"மிர்யானா!"

இன்னும் உரக்கக் கூப்பிடுகிறேன்.

"மிர்யானா! கதையுங்கோ!"

டொக். டொக். டொக். இரும்புச் சுவரில். அவருடைய கை.

பிறகு பிரெஞ்சில், விட்டு விட்டுச் சொன்னார். போரில் அவரும் அம்மாவும் ஒளிந்திருந்த நிலவறை. சுவருக்கு அப்பால், பக்கத்து வீட்டில், மிர்யானாவின் தங்கை குடும்பத்தின் நிலவறை. குண்டு விழுந்ததும் இவர்கள் மூன்று முறை தட்டுவார்கள். உயிரோடு இருந்தால் தங்கை இரண்டு முறை தட்டுவாள். ஒருநாள் பதில் வரவில்லை. அம்மா படியேறத் தொடங்கிவிட்டார். வெளியே குண்டு ஓயவில்லை. இருட்டுக்குள் மிர்யானா தன் குதிகாலால் சுவரில் இரண்டு முறை தட்டினார். மகள் இருக்கிறாள் என்று அம்மா திரும்பி வந்து உட்கார்ந்தார். பிழைத்தார்.

நாவல்களில் வரும் பதிலெல்லாம் தன் குதிகால்தான் என்றார்.

டொக். டொக். டொக். மறுபடி தட்டுகிறார். யாருக்கு? நான் கேட்கவில்லை. என் பக்கத்துச் சுவரில் இரண்டு முறை தட்டினேன்.

இருட்டில் என் கையை இறுகப் பிடித்தார்.

"இப்போது தட்டியது நானில்லையே?"

"இல்லை. நான்." பிறகு தமிழில் வந்துவிட்டது. "இருக்கிறன்."

அழுதார். நானும்தான்.

தீயணைப்புக்காரர்கள் கதவை நெம்பித் திறந்தபோதும் நாங்கள் தட்டிக்கொண்டிருந்தோம்.

மறக்காமலிருக்க எழுதி வைக்கிறேன். லிஃப்டுக்குள் ஒருவரையும் இழக்கவில்லை. அதற்கு முன்னர் இழந்தது, அவருக்கு: தங்கை, தங்கையின் கணவர், அவர்களுடைய கைக்குழந்தை, ஒரு வீடு. எனக்கு: அண்ணா. அண்ணா போன அன்றைக்குப் பிறகு அம்மா எங்களில் எவரையும் பெயர் சொல்லிக் கூப்பிடவில்லை.