சோதித்துப் பார்த்த பதிப்பு

2012ஆம் ஆண்டு ஜூலை 8, ஞாயிற்றுக்கிழமை, காலை பத்து நாற்பது. ஏ.எஸ்.ராவ் நகரில் மெல்லிய தூறல், காற்று இல்லை. எங்கள் வீட்டு இணையம் அன்று மிகவும் மெதுவாக இருந்தது.

டாக்டர் ரோஸ்லின், நீங்கள் என்னிடம் எழுத்தில் கேட்டது என் மகன் அச்யுத்தின் மாத்திரைகளைப் பற்றி. எந்த அளவில் கொடுத்தேன், எப்போதிலிருந்து, ஏன். நான் இணையத்திலிருந்து தொடங்குவதைப் பொறுத்துக்கொள்ள வேண்டும். எதையும் வரிசை பிறழாமல் எழுதுவது என் வழக்கம். இது தொடங்கிய இடம் அவனுடைய கணினி.

எங்கள் இணைப்பில் மாதத்துக்கு இவ்வளவு என்று ஓர் அளவு உண்டு. அது தீர்ந்துவிட்டால் வேகம் பெயருக்கு மட்டுமே இருக்கும். அந்த மாதம் முதல் வாரத்திலேயே தீர்ந்துவிட்டது. அச்யுத் ஆடும் விளையாட்டே அதற்குக் காரணம். நான்கு பேர் ஓரணியாகக் கூடி, ஒரு கோட்டையைக் காப்பார்கள். அதை இயக்கும் செயலி, நாம் கேட்காமலேயே, புதிய பதிப்புகளை இறக்கிக்கொண்டிருக்கும். முதல் நாள் இருந்த சுவர் மறுநாள் வேறிடத்தில் நிற்கும். யார் சொல்லி மாறியது, யார் அதற்குக் கையெழுத்திட்டார் என்பது எங்கும் இராது.

அதை நிறுத்தும் வழியை எனக்குக் காட்டியவனும் அவனே. மே மாதத்தில் ஒருநாள் நான் ரயில் டிக்கெட் பதிவு செய்ய முடியாமல் திணறியபோது அருகில் வந்து அமர்ந்தான்.

"கேம் பேர் மேல ரைட் கிளிக் பண்ணுங்கப்பா. கடைசியில ப்ராப்பர்ட்டீஸ். அதுக்குள்ள அப்டேட்ஸ். தானா அப்டேட் ஆகாதேன்னு இதைக் குடுத்துட்டா நின்னுடும். டிக்கெட் போட்டதும் பழையபடி மாத்திடுங்க, இல்லேன்னா கேம்ல எங்க ரூமுக்குள்ள என்னை விடாது."

வழியோடு எச்சரிக்கையையும் சேர்த்தே நினைவில் வைத்துக்கொண்டேன். ஜூலை மாதத்து அந்த ஞாயிற்றுக்கிழமை, அவன் குளிக்கப் போயிருந்த நேரத்தில், அவன் சொன்னபடியே மாற்றினேன். பழையபடி திருப்பவில்லை.

நான் பொதுத்துறைத் தொழிற்சாலையொன்றின் தர ஆய்வுப் பிரிவில் பணியாற்றி ஓய்வு பெற்றவன். எங்களிடம் ஒரு நடைமுறை இருந்தது. ஒரு வரைபடம் அங்கீகாரம் பெற்றுவிட்டால் அது உறைந்துவிட்டது என்போம். அதன்பின் ஒரு திருகாணியை மாற்றுவதானாலும் மாற்றக் குறிப்பு எழுத வேண்டும். தற்போதைய நிலை, கோரும் மாற்றம், காரணம், அங்கீகரிப்பவர் என்று அதில் நான்கு கட்டங்கள். ஒன்று காலியாக இருந்தாலும் குறிப்பு செல்லாது. ஒருமுறை ஒரு பொறியாளர் நல்லெண்ணத்தால், குறிப்பு எழுதாமல், மேலான பாகமொன்றைப் பொருத்தினார். கருவி முன்பைவிட நன்றாக வேலை செய்தது. அந்தத் தொகுதி முழுவதையும் நிராகரித்தேன்.

இந்த வழக்கம் வீட்டிலும் இருந்தது, வேடிக்கையாக. கட்டிலைச் சன்னல் பக்கம் நகர்த்துவதற்கு என் மனைவி லலிதா குறிப்பு எழுதினாள். காரணம் என்ற கட்டத்தில், "காற்று, சுவாமி, காற்று" என்றிருந்தது. அச்யுத் பள்ளியில் மொழிப்பாடத்தை மாற்றிக்கொள்ள எழுதினான். இரண்டிலும் கையெழுத்திட்டேன். நான் மாற்றத்துக்கு எதிரி அல்லன் என்பதற்காக இதைச் சொல்கிறேன்.

லலிதா இறந்த பிறகு அவனுக்கு நேர்ந்ததை நீங்கள் அறிவீர்கள். மாதாப்பூர் வேலையை விட்டுவிட்டு வீட்டுக்கு வந்தான். உறங்கவில்லை, பேசவில்லை. திருமுல்கேரியில் உள்ள உங்கள் மருத்துவமனைக்கு ஆட்டோவில் அழைத்துவந்தேன். காலையில் ஒரு மாத்திரையும் இரவில் ஒன்றும் எழுதினீர்கள். என் பொறுப்பில் வைத்திருந்து நானே கொடுக்க வேண்டும் என்றீர்கள். அவன் உறங்கினான். இந்த ஆண்டு மார்ச்சில் காலை மாத்திரையை நிறுத்தி, எழுதிக் கையொப்பமிட்டுத் தந்தீர்கள். அன்றே நிறுத்தினேன். இதை நீங்கள் குறித்துக்கொள்ள வேண்டும்.

அந்த நிலையில் அவன் நன்றாக இருந்தான். ஏழு மணிக்கு என்னோடு உண்டான். கேட்டதற்குப் பதில் சொன்னான். நான் நாளிதழ் படிக்கும்போது எதிரில் அமர்ந்திருந்தான். வீடு உறைந்த வரைபடம்போல் ஒழுங்காக இருந்தது.

விளையாட்டு அதன் பிறகுதான் வந்தது. பழைய அலுவலகத் தோழியான ரஷ்மி உப்பலில் இருக்கிறாள். ஹர்ஷாவும் தினேஷும் பெங்களூருக்குப் போய்விட்டார்கள். மூவரும் சேர்ந்து அவனை இழுத்துக்கொண்டார்கள். மாலையானால் காதில் கருவியை மாட்டிக்கொண்டு அமர்வான்.

"ரேய் ஹர்ஷா, நக்கோரா, அங்க போகாதே, செத்துருவே. பார், செத்துட்டே. உங்க வீட்டுக்குச் சொல்லி அனுப்பட்டுமா?"

பிறகு சிரிப்பான். லலிதா போனபின் அந்தச் சிரிப்பு வீட்டில் கேட்டதில்லை. நான் கதவுக்கு வெளியே நின்று கேட்டேன். நல்ல சிரிப்புதான். என்னிடம் அவன் அப்படிச் சிரித்ததில்லை.

ஜூன் மாதத்தில் ஒருநாள் சாப்பிடும்போது, ஹர்ஷாவின் நிறுவனத்தில் ஆள் எடுப்பதாகவும் ஆகஸ்டில் நேர்முகத்துக்கு வரச் சொல்லியிருப்பதாகவும் கிடைத்தால் பெங்களூருக்குப் போவதாகவும் சொன்னான். மாற்றக் குறிப்பு எங்கே என்று கேட்டேன். வேடிக்கை என்று எண்ணிக்கொண்டு இன்னும் கொஞ்சம் ரசம் ஊற்றச் சொன்னான்.

ஜூலையில் நான் கணினியில் அந்தத் தேர்வை மாற்றிய பிறகு, அடுத்த புதிய பதிப்பு வந்த அன்று விளையாட்டு அவனைத் தடுத்தது. தனியாக ஆடலாம்; நண்பர்களின் அறைக்குள் நுழைய முடியாது.

"என் வெர்ஷன் பழசாம்பா" என்றான், திரையைப் பார்த்தபடியே.

"பரவாயில்லை. பழசுதான் சோதிச்சுப் பார்த்தது" என்றேன்.

இங்கே உங்களுக்கு ஓர் ஐயம் எழ வேண்டும். மென்பொருள் எழுதிப் பிழைத்தவன், எனக்கே அந்த வழியைக் கற்பித்தவன். ஒரு தேர்வைத் திருப்பினால் தீர்ந்துவிடும் சங்கதி அவனுக்கு எப்படிப் புலப்படாமல் போயிற்று?

புலப்பட்டது. அன்று மாலையே கண்டுபிடித்துவிட்டான். நான் மாற்றினேனா என்று கேட்டான். இணையத்துக்காக மாற்றினேன், திருப்ப மறந்துவிட்டேன் என்றேன். முதல் பாதி உண்மை. சரிப்பா என்று திருப்பி வைத்தான். அவன் கடைக்குப் போன நேரத்தில் நான் மீண்டும் மாற்றினேன். மறுநாள் அவன் திருப்பினான்; இம்முறை என்னிடம் ஒன்றும் கேட்கவில்லை, ஆனால் அறையை விட்டு வெளியே போகும்போது கணினியை அணைத்துவிட்டுப் போனான். இப்படி ஒருவர்மேல் ஒருவர் ஐயம் கொண்டு ஒரே வீட்டில் வாழ்வதில் பொருளில்லை என்று எனக்குப் பட்டது.

ஆகவே காலை மாத்திரையைத் திரும்பக் கொடுக்கத் தொடங்கினேன். பொடித்துக் காபியில் கலந்து கொடுத்தேன். புதிய மருந்து எதையும் நான் தரவில்லை. நீங்களே எழுதிக் கையொப்பமிட்ட அளவு, ஏற்கெனவே பயன் தந்த அளவு. தொழிற்சாலையில் ஒரு மாற்றம் கோளாறில் முடிந்தால், முன்பு அங்கீகரித்த நிலைக்குத் திரும்புவோம். நான் செய்தது அவ்வளவே. உங்கள் பழைய சீட்டைக் காட்டியபோது மருந்துக் கடைக்காரர் தேதியைப் பார்க்கவில்லை.

காபி கசக்கிறது என்றான். சர்க்கரையைக் கூட்டினேன்.

அதன்பின் அவன் எதையும் கண்டுபிடிக்கவில்லை. நான் மீண்டும் மாற்றி வைத்தது மாற்றியபடியே இருந்தது. திரையில் அந்த அறிவிப்பைச் சற்று நேரம் பார்ப்பான், எழுந்துபோய்ப் படுப்பான். ஒருநாள், "அவங்க என்னை ரூமை விட்டு எடுத்துட்டாங்கபோலப்பா" என்றான். நான் ஆமென்று சொல்லவில்லை. இதையும் குறித்துக்கொள்ளுங்கள்.

நண்பர்கள் கைபேசியில் அழைத்தார்கள். நான் எடுத்தேன். உறங்குகிறான் என்றேன், உறங்கிக்கொண்டுதான் இருந்தான். மருத்துவர் ஓய்வெடுக்கச் சொல்லியிருக்கிறார் என்றேன்; சொல்லியிருந்தீர்கள். எந்த ஆண்டு என்று அவர்கள் கேட்கவில்லை. ஆகஸ்டில் நேர்முகத்துக்குப் புறப்பட வேண்டிய நாளில், எழுப்பிவிடும்படி அவன் என்னிடம் சொல்லியிருந்தான். வாய்மொழியாகச் சொல்லியிருந்தான். நான் எழுப்பவில்லை.

செப்டம்பர் இறுதியில் ஒரு சனிக்கிழமை பிற்பகல், ரஷ்மி உப்பலிலிருந்து பஸ் பிடித்து நேரில் வந்தாள். வாசலில் செருப்பைக் கழற்றும்போதே பேச்சு தொடங்கிவிட்டது.

"எங்க அங்கிள் நம்ம கும்பகர்ணன்? அங்க கோட்டை விழுந்துட்டிருக்கு, ராஜா போனைக்கூட எடுக்க மாட்டேங்கறார்."

அவன் உறங்குவதைப் பார்த்ததும் குரலைத் தாழ்த்திக்கொண்டாள். தோளைத் தொட்டு எழுப்பினாள். அவன் அவளை அடையாளம் கண்டு, நீங்களெல்லாம் புது வெர்ஷனுக்குப் போய்விட்டீர்களே என்றான். அவள் சிரிக்கவில்லை. கணினியை இயக்கி, எதையோ தேடி, கண்டுபிடித்தாள்.

"இதை யாரு அங்கிள் ஆஃப் பண்ணது?"

"நெட் சீக்கிரம் தீர்ந்துபோகுதும்மா."

"ஜூலைலேர்ந்தா?"

"ஆமாம்."

"ஹவ், சரி. அப்ப இவனை யாரு ஆஃப் பண்ணது?"

நான் காபி கலக்க உள்ளே சென்றேன். இரண்டு கோப்பைகளோடு திரும்பியபோது அவள் என் முகத்தைப் பார்க்காமல் கோப்பைகளைப் பார்த்தாள். அவனுக்கு நீட்டியதை அவள் வாங்கி ஒரு வாய் குடித்தாள்.

"எதுக்கு இவ்வளவு சர்க்கரை? ஆபீஸ்ல அரை ஸ்பூனுக்கு மேல போட்டா சண்டைக்கு வருவானே."

அந்தக் கோப்பையில் வேறொன்றும் இல்லை, டாக்டர். அது பிற்பகல் காபி. நான் காலையில் மட்டுமே கலப்பேன். பழக்கத்தால் சர்க்கரை கூடிவிட்டது. என் பணிக்காலத்தில் இத்தகைய பிழையை நான் செய்ததில்லை.

அவள் அவனை அப்போதே ஆட்டோவில் ஏற்றி உங்களிடம் அழைத்துவந்தாள். நான் உடன் வருவதாகச் சொன்னேன், இடமில்லை என்றாள். அன்று மாலை நீங்கள் தொலைபேசியில் கேட்டீர்கள். காபியைப் பற்றிச் சொன்னேன். மறைக்கவில்லை. பிறகு நீங்கள் இரவு மாத்திரையைப் பற்றிக் கேட்டீர்கள். அதற்கு நான் உடனே பதில் சொல்லவில்லை. இப்போது சொல்கிறேன்.

வரிசைப்படி இது முதலில் வந்திருக்க வேண்டும். ஜூன் மாதத்திலேயே, அவன் பெங்களூர் என்று சொன்ன அதே வாரத்தில், நீங்கள் என்னை அழைத்தீர்கள். அச்யுத் தேறிவிட்டான், இரவு மாத்திரையைப் பாதியாக்குங்கள், பிறகு மெல்ல நிறுத்திவிடலாம் என்றீர்கள். உங்கள் குரலில் மகிழ்ச்சி இருந்தது. எழுத்தில் வேண்டும் என்றேன். சீட்டு எழுதி வரவேற்பில் வைத்திருக்கிறேன், வந்து வாங்கிக்கொள்ளுங்கள் என்றீர்கள். நான் வரவில்லை. திருமுல்கேரி தொலைவில் இல்லை, பஸ் உண்டு. ஆயினும் கைக்கு வந்து சேராத ஒப்புதலை ஒருவன் எப்படிச் செயல்படுத்துவது? இரவு மாத்திரையை முழுதாகவே கொடுத்துவந்தேன்.

ஆக, இது கணினியில் தொடங்கியது என்று நான் மேலே எழுதியது சரியன்று. அடித்துத் திருத்தாமல் அப்படியே விடுகிறேன். அவன் தேறிவிட்டான் என்று அறிந்த நாளிலிருந்து அவனைத் தேறவிடாமல் வைத்திருந்தவன் நான். விளையாட்டை நிறுத்தியதும், காபியில் கலந்ததும், எழுப்பாமல் விட்டதும் நானே. வேறெவருக்கும் இதில் பங்கில்லை.

இன்று காலை அச்யுத் வந்தான். கண்கள் தெளிந்திருந்தன, கன்னம் ஒட்டியிருந்தது. உடன் வந்த ரஷ்மி கணினியின் திரையை ஒரு துண்டில் சுற்றி எடுத்துக்கொண்டு படியிறங்கினாள். அவன் சட்டைப்பையிலிருந்து மடித்த தாளொன்றை எடுத்து என்னிடம் கொடுத்தான்.

மாற்றக் குறிப்பு. கோடுகளை அடிகோல் வைத்து இழுத்திருந்தான். தற்போதைய நிலை: ஏ.எஸ்.ராவ் நகர் வீடு, மாத்திரைகள் அப்பாவிடம். கோரும் மாற்றம்: உப்பலில் தனி அறை, மாத்திரைகள் என்னிடம். அங்கீகரிப்பவர் என்ற கட்டத்தில் அவனே கையெழுத்திட்டுத் தேதியும் எழுதியிருந்தான். அந்த இடம் எப்போதும் என்னுடையது. நான் அதைப் பெரிதுபடுத்தவில்லை.

"காரணம் எழுதலியேப்பா" என்றேன்.

"அதை நீங்க எழுதிக்குங்க" என்று சொல்லிவிட்டு இறங்கிப் போனான்.

பேனாவைத் திறந்து வைத்துக்கொண்டு வெகுநேரம் அமர்ந்திருந்தேன், டாக்டர். அந்தக் கட்டம் இன்னும் காலியாகவே இருக்கிறது. அவன் ஏன் போகிறான் என்று எனக்குத் தெரியவில்லை. தெரியாததை நான் எழுதுவதில்லை.