மேல இருக்கறதை அமுக்கு

— கண்ணு கூசுதுடா. நம்ம தவளை இவ்வளவு கலராவா இருந்துச்சு?

— அப்ப ஏதுக்கா கலரு? பச்சைத் திரையில கறுப்புப் புள்ளிதான். அந்தப் பழைய வீடியோ கேமையே இப்ப புதுசா செஞ்சு விட்டிருக்கான். மியூசிக் மட்டும் அதேதான், கேளேன்.

— சத்தத்தைக் குறை. இன்னும் இருபது பேப்பர் திருத்தணும். நாளைக்கு மார்க் எங்கேன்னு பிள்ளைங்க உயிரை எடுக்கும்.

— டீச்சரம்மா, அந்தச் சிவப்புப் பேனாவைக் கொஞ்சம் கீழ வை. உனக்காகத்தான் இதை வாங்கிட்டு வந்தேன்.

— நாப்பது வயசுல எனக்குத் தவளை பிடிக்கற வேலையா?

— ஒரே லீவுல நூத்தி நாப்பது ஜந்து பிடிச்சவ தானே நீ?

— ஆமா, அதுவும் அந்த இங்கிலீஷ்ல ஒரு வார்த்தைக்கு அர்த்தம் தெரியாம. ரெண்டு பதிலைக் காட்டி எது கேட்டாலும்...

— "மேல இருக்கறதை அமுக்கு!" எனக்கு நீ சொல்லிக் குடுத்த ஒரே பாடம்.

— கிண்டல் பண்ணாத. எப்பவும் சரியாத்தானே வந்துச்சு?

— ஒரு தடவை வரலைக்கா.

— என்னடா, மூஞ்சி ஏன் இப்படிப் போகுது?

— நீ டியூஷன் போயிருந்தப்ப திருட்டுத்தனமா எடுத்தேன். என்னமோ கேட்டுச்சு. மேல இருக்கறதை அமுக்கிட்டேன். "பழசை அழிச்சிடவா"ன்னு கேட்டிருக்கு, அந்தப் பாவி! நீ சொன்ன மாதிரி பேட்டரி போய் அழியலைக்கா. உன் நூத்தி நாப்பதையும் அழிச்சது நான்தான். இருபத்தெட்டு வருஷமா உன்கிட்ட சொல்லாம வச்சிருந்தேன்.

— தெரியும்டா.

— தெரியுமா?

— வந்ததுமே திறந்து பாத்தேனே. புது ஆட்டம், ஒரே ஒரு தவளை. அதுக்கு எழுத்துக்கூட்டி நீ ஒரு பேரு வச்சிருந்த.

— ஐயோ... 'அக்கா'ன்னு வச்சேன்.

— ம்.

— அப்ப பேட்டரி போச்சுன்னு அப்பாகிட்ட சொன்னது?

— பின்ன என்ன சொல்றது? உண்மை தெரிஞ்சா உன் தோலை உரிச்சிருப்பாரு.

— உனக்குக் கோபமே வரலையா?

— வராம? ரெண்டு நாள் பாத்ரூம்ல குழாயைத் திறந்து விட்டுட்டு அழுதேன். உன் தலையில ஒரு கொட்டு வைக்கணும்னு கை பரபரத்துச்சு.

— அந்தக் கோபத்துலதானே அப்புறம் நீ அதைத் தொடவே இல்ல? அதை நினைச்சாத்தான்க்கா எனக்கு...

— மக்கு. அதுல ஒரே ஒரு ஆட்டத்தைத்தானே பதிஞ்சு வைக்க முடியும்? நான் முதல்ல இருந்து ஆரம்பிக்கணும்னா உன் 'அக்கா'வை அழிக்கணுமேடா.