குமுதவல்லியின் டைரி

அலோ... அலோ... மெட்ராஸா? நடிகை குமுதவல்லி வூடுங்களா?... அக்கா, நீயேவா? நாந்தான் கனகா. பாகூர் ரைஸ் மில்லுலருந்து பேசறேன்...

ஆமாக்கா... ஆமா, பத்திரிகை இங்கயும் வந்துட்டுது. ஒன் டைரி, நீ எனக்கு எழுதி தபால்ல போடாமயே வெச்சிருந்த கடுதாசி, எல்லாம் அச்சாயி கெடக்குது. மில்லுல ஒருத்தன் படிக்க, மத்தவனுங்க சுத்தி நின்னு கேக்கறானுங்க. எனக்கு எழுதனத ஊரு படிச்ச பொறவுதான் நான் படிச்சேன்...

அழுவாதக்கா... இன்னா சொல்ற? காசம்மாளா? ஒனக்கு சோறாக்கிப் போடறவளயா போலீஸ் ஸ்டேசன்ல ஒக்கார வெச்சிக்கீறாங்க?... இல்ல, இல்லக்கா. டைரிய அவ எடுக்கல. இப்பவே ஆள அனுப்பி கூட்டியாரச் சொல்லு...

எப்டித் தெரியுமா... எப்டிக்கா சொல்லுவேன்... எங்க வூட்டுக்காரருதான்... ஆமா. அவரேதான். போன மாசம் ஒங்க வூட்ல தங்கனாரே, அப்ப பீரோவத் தொறந்து எடுத்தாந்து பத்திரிகைக்காரன்கிட்ட வித்துக்கீறாரு. நேத்து கேட்டேன். ஆமான்னு ஒத்துக்கினாரு...

திட்டுக்கா. நல்லா திட்டு...

இல்ல, அவரு செஞ்சது மட்டுமில்ல, எம்மேலயும் தப்பு இருக்குது. பொங்கலுக்கு அங்க வந்திருந்தேனே. நீ கண்ணாடி முன்னால ஒக்காந்து கன்னத்துல பவுடரா அப்பிக்கினு இருந்த. எனக்கும் கொஞ்சம் பூசி வுடுக்கான்னு இளிச்சினு நின்னேன். மொத நாள் ராத்திரி மாமா ஒன்ன அடிச்ச அடி, பக்கத்து ரூம்ல படுத்திருந்த எனக்குக் கேக்கல. கூடப் பொறந்தவ நானு. பத்திரிகையப் பாத்துத் தெரிஞ்சிக்கறேன்...

ஒனக்கு இன்னாத்துக்கு வெக்கம்? வெக்கப்பட வேண்டியவங்க நாங்க. யார் மூஞ்சியிலயும் முழிக்க முடியாம, முந்தானயப் போத்திக்கினு மில்லுக்கு வந்தேன்... நீ கெளம்பி இங்க வந்துடுக்கா... அவரா? அவர் குருவிநத்தத்துல அவங்க அம்மா வூட்டுக்குப் போயாச்சு. போன்னு நாந்தான் சொன்னேன்...

ஏங்க்கா மெல்லப் பேசற? யாரு வராங்க?...

மாமாங்களா... நல்லாக்கீறேன் மாமா... ம்... சும்மாதான்... அக்காகிட்ட குடுங்க மாமா... ஏன், குடுக்க மாட்டீங்களா?...

மாமா, நானும் படிச்சிட்டேன்...

பொய்யுன்னு சொல்லாதீங்க மாமா. அது எங்கக்கா எனக்கு எழுதன கடுதாசி... எனக்கு யாரும் சொல்லிக் குடுக்கல. மொத பஸ்ல வரேன். அவள இட்டுனு போறதுக்குத்தான்... அலோ... மாமா?... அலோ...