மலைவேம்புக்குள் இரும்பு

ஜெயரூபி: இன்னொருக்காப் பிடிச்சுப் பாருங்கோ அண்ணை.

கோகுலன்: எத்தினை தரம் பிடிக்கிறது? கத்துது. மர மில்காரர் இரும்பு தேடுற மெஷின் இது, பொய் சொல்லாது. மரத்துக்குள்ளை ஷெல் துண்டு கிடக்கு ரூபி.

ஜெயரூபி: சண்டை நடந்த பக்கத்து மலைவேம்பு... கிடக்குந்தானே. சின்னனா இருக்கும்.

கோகுலன்: சின்னனோ? நீ பறக்கப்போற செட்டையின்ரை நடு மரமே இதுதான். ஐந்நூறு வருசத்துக்கு முதல் இந்தச் செட்டையைப் படம் கீறின இத்தாலிக்காரன்ரை மரத்துக்குள்ளை இரும்பு இருக்கேல்லை. என்ரை கம்பியூட்டர் கணக்கிலையும் இல்லை. நீ மேலை போன பிறகு அந்த இடத்திலைதான் முறியும்.

ஜெயரூபி: கார்பன் நார் சுத்தினாத் தாங்குமெண்டு நீங்கள்தானே...

கோகுலன்: நல்ல மரத்துக்குச் சொன்னனான். மரத்தைத் தோளிலை அப்பிடியே வைச்சிரு, அடையாளம் போடுவம். தோட்டைக் கழட்டிப்போட்டியோ?

ஜெயரூபி: ஓம். காப்பும் கழட்டிட்டன்.

கோகுலன்: அப்ப மரம் அரியிற வாளை எடு. அறுத்துப் பாப்பம்.

ஜெயரூபி: அறுக்காதேங்கோ. எவ்வளவு பாடுபட்டுச் சீவினது... ஞாயிற்றுக்கிழமை நாயாத்துக் கரைக்குச் சனமெல்லாம் வரும்.

கோகுலன்: வாற சனம் நீ பறக்கிறதைப் பாக்கத்தான் வருது. செத்தவீட்டுக்கில்லை.

ஜெயரூபி: பகிடி விடாதேங்கோ.

கோகுலன்: ஆர் பகிடி விட்டது? வாளைத் தா... ஏன் அழுறாய்?

ஜெயரூபி: மரத்தை நிலத்திலை வைக்கிறன். இப்ப பிடியுங்கோ.

கோகுலன்: ...கத்தேல்லை.

ஜெயரூபி: மரத்திலை ஒண்டுமில்லை. எனக்குள்ளைதான். முதுகிலை, முள்ளந்தண்டுக்குக் கிட்ட. வலைஞர்மடத்திலை ஷெல் விழேக்கை பட்டது. அப்ப எனக்கு ஆறு வயசு.

கோகுலன்: ஏனடி சொல்லேல்லை?

ஜெயரூபி: சொன்னா ஏற விடுவியளே? குலுங்கி விழுந்தாத் துண்டு அசையும், பிறகு நடக்க ஏலாதெண்டு டொக்டர் சொன்னவர். தெரிஞ்சுதான் ஓமெண்டனான். மேலையிருந்து எங்களுக்குக் குண்டு போடுற கிபிர் பிளேன்தானே வந்தது. ஒருக்காலெண்டாலும் நான் அங்கை போய்ப் பாக்கவேணும்.

கோகுலன்: நீ ஏறக்கூடாது. கதை முடிஞ்சுது.

ஜெயரூபி: அப்ப நீங்கள் ஏறுங்கோ. செட்டை உங்கடை, கணக்கும் உங்கடை. ஏன் முதுகைத் தடவுறியள்? அந்த மெஷினை இஞ்சை தாங்கோ... ஏன் பின்னுக்குப் போறியள்?

கோகுலன்: கிட்டக் கொண்டுவராதை ரூபி. கத்தும். உனக்குச் சொன்னதைத்தான் டொக்டர் எனக்கும் சொன்னவர்... அதாலைதான் உன்னை ஏறச் சொன்னனான்.